ஊசிக்கணவாய் ஏற்றுமதி 2017-ல் செத்துவிட்டதா?

ஊசிக்கணவாய் (பாம்பன்), செவ்வாய் இரவு 9:40

எல்லோருக்கும் வணக்கம். தலைப்பைப் பார்த்துச் சிரிக்காதீர்கள், பிழைப்பு சம்பந்தப்பட்ட கேள்வி.

அப்பா இருபது வருடமாகப் பாம்பனில் கணவாய் எடுக்கிறார். படகு கரை சேர்ந்ததும் ஏலத்தில் எடுத்து, ஐஸ் போட்டு, ராத்திரியே தூத்துக்குடி கம்பெனிக்கு வாடகை வண்டியில் ஏற்றிவிடுவார். சொந்தமாக ஒரு குளிர்சாதன வண்டி வாங்கலாம் என்று கடனுக்குப் போனோம். திட்ட அறிக்கை கேட்டார்கள், நான்தான் எழுதினேன். கொஞ்சம் கெத்தாக இருக்கட்டும் என்று நாடுகளின் ஏற்றுமதி, இறக்குமதிக் கணக்கைப் போடும் ஐ.நா.வின் காம்ட்ரேட் தளத்துக்குப் போனேன். கணவாய்க்குக் குறியீடு 030749 என்று ஒரு பழைய கட்டுரையில் போட்டிருந்தது. அதை வைத்து 2012 முதல் இந்தியாவின் ஏற்றுமதியை எடுத்து, அட்டவணையை அப்படியே அறிக்கையின் கடைசியில் சொருகிவிட்டேன். மேல் வரிகளைப் பார்த்தேன், கீழ் வரிகளைப் பார்க்கவில்லை.

மேலாளர் பார்த்தார். "தம்பி, 2016 வரைக்கும் நன்றாகத்தான் போயிருக்கிறது. 2017-லிருந்து ஏதோ ஒட்டிக்கொண்டிருக்கிறதே தவிர ஒன்றும் இல்லையே. போகாத சரக்குக்கு வண்டி எதற்கு?" என்றார். ஃபைல் திரும்பி வந்துவிட்டது.

இன்று காலையில்கூட எங்கள் கரையில் கணவாய் ஏலம் போனது. எம்பெடாவின் (கடல் உணவு ஏற்றுமதியைக் கவனிக்கும் மத்திய அரசு அமைப்பு) வருடாந்திரப் பட்டியலில் உறைந்த ஓட்டுக்கணவாய், உறைந்த ஊசிக்கணவாய் இரண்டும் தனித்தனியாக இன்னும் இருக்கின்றன. அப்படியானால் ஐ.நா. கணக்கு பொய்யா, எம்பெடா கணக்கு பொய்யா?


நம்பாதவன் (ராமநாதபுரம்), செவ்வாய் இரவு 9:58

இரண்டும் பொய். அடுத்த கேள்வி.


சாயல்குடியான் (தற்போது தூத்துக்குடி), செவ்வாய் இரவு 10:31

தம்பி, இரண்டும் பொய் இல்லை. நீ தட்டின குறியீடுதான் பாதியில் காலாவதியாகிவிட்டது.

நான் பதினாறு வருடமாகக் கஸ்டம்ஸ் ஏஜென்ட் ஆபீசில் ஷிப்பிங் பில், அதாவது ஏற்றுமதிக்கான சுங்கப் படிவம், போடுகிறவன். சரக்கை இனம் பிரிக்கிற இந்த எச்.எஸ். குறியீடு உலக சுங்க அமைப்பு கொடுப்பது, 1988-ல் அமலுக்கு வந்தது. முதல் ஆறு இலக்கம் உலகத்துக்கே பொது. அதற்கு மேல் எட்டு, பத்து என்று ஒவ்வொரு நாடும் தன் வசதிக்குப் பிரித்துக்கொள்ளும். ஐந்தாறு வருடத்துக்கு ஒருமுறை ஆறு இலக்கத்தையே கலைத்துப் போட்டு அடுக்குவார்கள். 2007, 2012, 2017, 2022 என்று நடந்திருக்கிறது. அடுத்தது 2028 ஜனவரியில்.

கணவாய்க்கு 2016 வரை இரண்டே பெட்டி. உயிரோடு, பச்சையாக, ஐசில் போவதெல்லாம் 030741. 'மற்றவை' எல்லாம் 030749. உறைந்தது அந்த மற்றவைக்குள்தான் கிடந்தது. 2017-ல் உறைந்ததுக்கு என்று 030743 தனியாகப் பிறந்தது. நம் ஊரிலிருந்து போகிற கணவாயில் பெரும்பங்கு உறைந்ததுதானே? அத்தனையும் ஒரே நாளில் வீடு மாறிவிட்டது. பழைய வீட்டில் காய்ந்தது, உப்புப் போட்டது, புகை போட்டது மட்டும் மிச்சம். நீ பழைய வீட்டுக் கதவைத் தட்டிவிட்டு ஆள் செத்துவிட்டார் என்கிறாய்.

2017 முதல் 030743-ஐச் சேர்த்துக் கூட்டு. அதைவிடச் சுலபமாக ஒரு வழி உண்டு. காம்ட்ரேட்டில் எந்தப் பதிப்பில் வேண்டும் என்று கேட்கும் இடத்தில், நாடு கொடுத்தபடி என்று விடாமல், பழைய எச்.எஸ். பதிப்பு ஒன்றைத் தேர்ந்தெடு. புதுக் குறியீடுகளைப் பழையதற்கு அவர்களே மாற்றித் தருவார்கள்.

இன்னொன்று. ஆறு இலக்கத்தில் ஓட்டுக்கணவாயும் ஊசிக்கணவாயும் ஒரே பானை. ஏலத்தில் இரண்டுக்கும் ஒரே விலையா கேட்கிறார்கள்? ஆகையால் மொத்த மதிப்பை எடையால் வகுத்து 'சராசரி விலை' என்று அறிக்கையில் போடாதே. அந்த விலைக்கு எந்தக் கணவாயும் விற்றிருக்காது.


ஊசிக்கணவாய், புதன் காலை 6:15

அண்ணே, கோடு எழுந்து உட்கார்ந்துவிட்டது! பழைய பதிப்பில் போட்டதும் 2017 பள்ளத்தையே காணோம். மேலாளர் முகத்தில் நீட்ட வேண்டும் போலிருக்கிறது.

ஆனால் ராத்திரி தூக்கம் வராமல் இன்னொன்றைத் தோண்டினேன். ஸ்பெயினுக்கு அனுப்பினோம் என்று இந்தியா ஒரு தொகை சொல்கிறது. இந்தியாவிலிருந்து வாங்கினோம் என்று ஸ்பெயின் வேறு தொகை சொல்கிறது. அதே குறியீடு, அதே வருடம். இதற்கும் வீடு மாறிய கதைதானா?


கீழக்கரை_காக்கா (கீழக்கரை), புதன் காலை 8:50

இல்லை தம்பி, இது வேறு. வாங்கினவன் கணக்கையும் விற்றவன் கணக்கையும் எதிரெதிரே வைத்துப் பார்ப்பதைக் கண்ணாடிக் கணக்கு என்பார்கள். கண்ணாடியில் முகம் அப்படியே தெரிய வேண்டும் என்று நினைப்போம், தெரியாது.

முதல் காரணம் கூலி. ஏற்றுமதி செய்கிறவன் எப்.ஓ.பி. எழுதுவான், அதாவது கப்பலில் ஏற்றிய வரைக்குமான விலை. இறக்குமதி செய்கிறவன் பெரும்பாலும் சி.ஐ.எப். எழுதுவான், அதாவது கப்பல் கூலியும் காப்பீடும் சேர்ந்த விலை. அதே பெட்டிதான், போய்ச் சேர்வதற்குள் விலை ஏறிவிடுகிறது. இந்த வித்தியாசத்துக்கு ஐ.எம்.எப். (சர்வதேச நாணய நிதியம்) தன் நாடுவாரிக் கணக்கில் ரொம்ப காலம் 10 சதவீதம் என்று போட்டது, பிறகு 6 சதவீதம் ஆக்கியது. உலகத்துக்கெல்லாம் ஒரே சதவீதம்! கொழும்புக்குப் போகிற கருவாட்டுக்கும் ஸ்பெயினுக்குப் போகிற குளிர்பெட்டிக்கும் ஒரே கூலியா?

இரண்டாவது நாள். தூத்துக்குடியில் டிசம்பரில் ஏறிய பெட்டி அங்கே இறங்கும்போது புது வருடம் பிறந்திருக்கும். நமக்கு அது போன வருட ஏற்றுமதி, அவர்களுக்கு இந்த வருட இறக்குமதி.

மூன்றாவதுதான் பெரிய கூத்து. நான் ஹாங்காங்கில் இருபத்திரண்டு வருடம் ஒரு வியாபாரக் கம்பெனியில் கணக்குப் பார்த்தவன். அங்கே இறங்கும் சரக்கில் ஏகப்பட்டது அங்கே தங்காது. லேபிளைப் பார்த்து, காகிதத்தை மாற்றி, அடுத்த நாட்டுக்குத் தள்ளிவிடுவோம். அனுப்பியவன் புத்தகத்தில் ஹாங்காங்குக்கு விற்றேன் என்று இருக்கும். கடைசியில் வாங்கியவன், எங்கே விளைந்ததோ அந்த நாட்டின் பெயரை எழுதுவான். நெதர்லாந்தின் ராட்டர்டாம் துறைமுகத்துக்கும் இதே கதைதான். ஜெர்மனிக்குப் போகிற சரக்கும் அங்கே இறங்குவதால், நெதர்லாந்துக்காரர்கள் தின்னும் மீனைக் கணக்கில் பார்த்தால் மலைப்பாக இருக்கும்.

நம் பக்கத்து உதாரணம் வேண்டுமா? இந்திய இறால் பல வருடம் வியட்நாமுக்குப் போனது. அதில் பெரும்பங்கு எல்லை தாண்டிச் சீனாவுக்குள் போய்விடும். சீனா அந்த எல்லை வழியை நெருக்கியதும், 2019 வாக்கில் இந்தியாவிலிருந்து நேரே சீனாவுக்குப் போகும் இறால் குபுகுபுவென்று ஏறியது, வியட்நாம் பக்கம் இறங்கியது. கணக்கை மட்டும் பார்ப்பவன், சீனாக்காரன் அந்த வருடம்தான் நம் இறாலின் ருசியைக் கண்டான் என்று கட்டுரையே எழுதிவிடுவான். தட்டு அதேதான் தம்பி, வழிதான் வேறு.


நம்பாதவன், புதன் காலை 9:07

காக்கா, நான் முதலிலேயே சொன்னதை நீங்கள் இத்தனை பத்தியில் சொல்லியிருக்கிறீர்கள்.


கீழக்கரை_காக்கா, புதன் காலை 9:20

நீங்கள் பொய் என்றீர்கள். நான் சொன்னது ஒரே சரக்கைப் பற்றிய இரண்டு உண்மை. ஒருவர் வாசலில் நின்று எண்ணுகிறார், இன்னொருவர் கொல்லையில் நின்று எண்ணுகிறார். நடுவில் வீட்டுக்குள் என்ன நடந்தது என்பது இரண்டு பேருக்கும் தெரியாது.


பாசியக்கா (சின்னப்பாலம்), புதன் மதியம் 1:35

நானும் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். எங்கள் மகளிர் குழுவுக்குக் கணக்கு எழுதுகிறேன். அம்மா காலத்திலிருந்து தீவுப் பக்கம் மூழ்கிப் பாசி எடுக்கிறோம். மரிக்கொழுந்து, கஞ்சிப்பாசி, கட்டக்கோரை. இதெல்லாம் எந்தப் பெட்டியில் விழுகிறது? "ராமநாதபுரம் கடல்பாசி ஏற்றுமதி" என்று தேடினால் ஒன்றும் வரவில்லை.


சாயல்குடியான், புதன் மதியம் 2:10

அக்கா, கடல்பாசிக்கு எச்.எஸ். 1212. அதில் மனிதர் சாப்பிடத் தக்கது 121221, மற்றது 121229. இந்தப் பிரிவு 2012-ல் வந்தது, அதற்கு முன் ஒரே குறியீடு. ஆனால் உங்கள் மரிக்கொழுந்தை மதுரைப் பக்கத்து அகர் ஆலைக்காரர்தானே வாங்குகிறார்? அது பாசியாகத் துறைமுகத்தைப் பார்ப்பதே இல்லை. அகராகக் காய்ச்சிய பிறகு வெளிநாடு போனால் 130231-ல் ஏறும். அப்போது அது மதுரைச் சரக்கு. உள்நாட்டிலேயே விற்றுவிட்டால் எந்த ஏற்றுமதிக் கணக்கிலும் ஏறாது.


மண்டபம்_கணக்கு (மண்டபம் முகாம்), புதன் மாலை 5:45

பாசியக்காவுக்கு ஒரு கூடுதல் எச்சரிக்கை. உற்பத்திக் கணக்கையும் ஏற்றுமதிக் கணக்கையும் அருகருகே வைத்துவிடாதீர்கள். ஐ.நா.வின் உணவு, வேளாண் அமைப்பான எப்.ஏ.ஓ. பாசி உற்பத்தியை ஈர எடையில் சொல்லும். வியாபாரம் நடப்பது காய்ந்த எடையில். கடற்கரையில் காயப்போட்டுக் கட்டுகிற உங்களுக்கு அந்த வித்தியாசத்தை நான் சொல்ல வேண்டியதில்லை.

ஏற்றுமதிக் கணக்காவது காகிதத்தில் இருக்கிறது. அதற்கு முந்தைய கணக்கு, கடலிலிருந்து எவ்வளவு வந்தது என்பது, எப்படிப் பிறக்கிறது என்று பலருக்குத் தெரியாது. கல்லூரி ஆய்வுக்காக ஒரு கணக்கெடுப்பாளர் கூடவே சில வாரம் சுற்றியிருக்கிறேன், பார்த்ததைச் சொல்கிறேன்.

இந்தக் கணக்கை எடுக்கும் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையம் 1947-ல் தொடங்கியது, ஆரம்ப காலத்தில் அதன் தலைமையகம் எங்கள் மண்டபம் முகாமில்தான் இருந்தது. பிறகு தலைமையகம் கொச்சிக்குப் போய்விட்டது. நாட்டிலுள்ள எல்லாக் கரையிலும் எல்லாப் படகையும் நின்று எண்ண முடியாது அல்லவா? எந்தத் துறை, எந்த நாள் என்று குலுக்கல் முறையில் தேர்ந்தெடுத்து, அங்கே ஆள் நிற்பார். வந்த படகில் சிலதைப் பொறுக்கி எடுத்து அளவு கேட்பார். அதிலிருந்து மாதத்துக்கும் மாநிலத்துக்கும் பெருக்கிக்கொண்டு போவார்கள். ராத்திரி வந்த படகுக்கு மறுநாள் விசாரித்து எழுதுவார்கள்.

ராமேசுவரம் துறையில் ஒரு காலை. படகு வந்து அணைகிறது. இறால் ஒரு பக்கம், நண்டு ஒரு பக்கம், கணவாய் ஒரு பக்கம், மிச்சமெல்லாம் சங்காயம், அதாவது விலை போகாத கழிவு மீன். எங்கள் ஆள் நோட்டோடு நிற்கிறார். "எத்தனை பெட்டி?" "நாலு." "நிறையவா?" "நிறையத்தான்... அந்த ஒண்ணு முக்கால்." ஒரு பெட்டிக்கு இத்தனை கிலோ என்று அவருக்குக் கைப்பழக்கம். சங்காயத்தைக் கண்ணால் பார்த்துத்தான் எழுதினார், அதைத் தராசில் வைக்க யாருக்கும் பொறுமை இல்லை. அவர் ஏமாற்றவில்லை. மழையில் நோட்டை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு எழுதினதை நான் பார்த்திருக்கிறேன். ஆனால் அது மதிப்பீடு. மாநில மீன்வளத் துறை தனியாக ஒரு கணக்கு வைத்திருக்கிறது, இரண்டும் ஒத்துப்போவதில்லை. மீன்பிடித் தொழிலுக்கு ஜி.டி.பி.யில் வரும் பங்கும், பிடித்த அளவை விலையால் பெருக்கி வருவதுதான். அந்த 'முக்கால் பெட்டி' எவ்வளவு தூரம் பயணம் செய்கிறது என்று நினைத்துப் பாருங்கள்.

அப்புறம், ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலத்தில் விசைப்படகு கடலுக்குப் போகாது. கம்பெனியின் குளிர்கிடங்கில் இருப்பது அப்போதும் கப்பல் ஏறும். மாதவாரியாக இரண்டு கணக்கையும் பொருத்திப் பார்த்தால், மீனே பிடிக்காமல் மீன் ஏற்றுமதி செய்த அதிசய மாவட்டம் என்று பெயர் வாங்குவோம்.


நம்பாதவன், புதன் இரவு 8:12

சரி, பொய் என்ற வார்த்தையை வாபஸ் வாங்குகிறேன். இதற்குப் பதில் சொல்லுங்கள். கடல் அட்டைக்கு என்ன கணக்கு?


கீழக்கரை_காக்கா, புதன் இரவு 8:40

கேட்டீர்களே ஒரு கேள்வி. எச்.எஸ். 2012-லிருந்து கடல் அட்டைக்கு 0308-ல் தனிப்பெட்டி இருக்கிறது. ஆனால் 2001-லேயே இந்தியாவில் அதை வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்த்துவிட்டார்கள். பிடிக்கவும் கூடாது, விற்கவும் கூடாது. ஆகவே நம் நாட்டுக் கணக்கில் சட்டப்படி அது பூஜ்யம்தான்.

ஆனால் மண்டபம், வேதாளை, மரைக்காயர்பட்டினம் பக்கம் கடல் அட்டை பிடிபட்ட செய்தி வராத மாதம் உண்டா? அக்கரையில் இலங்கையில் அனுமதி வாங்கி அதே தொழிலைச் செய்யலாம். இங்கிருந்து படகில் போனது அங்கே கலந்துவிட்டால், கொழும்பிலிருந்து போகும் பெட்டியில் இலங்கைச் சரக்கு என்றுதான் எழுதியிருக்கும். இங்கே பூஜ்யம், அங்கே கொஞ்சம் கூடுதல். கண்ணாடிக் கணக்கு போட்டாலும் பிடிபடாது, ஏனென்றால் கண்ணாடிக்கு முன்னால் யாரும் நிற்கவே இல்லை.

மஞ்சளும் அப்படித்தான். 2020 வாக்கில் இலங்கை மஞ்சள் இறக்குமதியை அடைத்தது. நம் கரையில் மஞ்சள் மூட்டை பிடிபட ஆரம்பித்தது. எதிர்த்திசையில் தங்கம் வருகிறது, கேட்கவே வேண்டாம்.


நம்பாதவன், புதன் இரவு 8:49

இதையெல்லாம் கேட்டால் கச்சத்தீவைக் கொடுத்த அன்றே


மட்டுறுத்துநர், புதன் இரவு 8:55

கச்சத்தீவுக்குத் தனி இழை இருக்கிறது. இங்கே வேண்டாம். முந்தைய பதிவைப் பாதியில் நிறுத்தியது நான்தான்.


புள்ளியியல்_வாத்தியார் (பரமக்குடி), வியாழன் காலை 7:30

தாமதமாக வந்ததற்கு மன்னிக்கவும், மிளகாய் காயப்போட்டிருந்தோம்.

ஒரு விஷயம் யாரும் தொடவில்லை. தம்பி அடுத்த அறிக்கையில் "காம்ட்ரேட்டும் இப்படித்தான் சொல்கிறது, உலக வங்கித் தளமும் இப்படித்தான் சொல்கிறது, டிரேடு மேப் என்ற வர்த்தகத் தளமும் இப்படித்தான் சொல்கிறது" என்று எழுதுவார், மூன்று சாட்சி என்று நினைத்துக்கொண்டு. அது மூன்று சாட்சி இல்லை, ஒரே கிணற்றுத் தண்ணீரை மூன்று குடத்தில் மொண்டது. உலக வங்கியின் வர்த்தகத் தளமும் டிரேடு மேப்பும் பெரும்பாலும் காம்ட்ரேட்டிலிருந்து எடுக்கின்றன. காம்ட்ரேட்டுக்கு இந்தியக் கணக்கைக் கொடுப்பது கொல்கத்தாவிலிருக்கும் வணிகப் புலனாய்வு மற்றும் புள்ளியியல் தலைமை இயக்குநரகம். கொல்கத்தாவுக்குக் கொடுப்பது சுங்கத்தின் கணினி. கணினிக்குள் தட்டுவது நம் சாயல்குடியார். அவர் ஒரு எழுத்தைத் தவறாகத் தட்டினால் நியூயார்க்கிலும் ஜெனீவாவிலும் வாஷிங்டனிலும் அதே தவறு 'உறுதி' ஆகும்.

வேறு கிணறு வேண்டுமானால் இரண்டு உண்டு. ஒன்று, வாங்கிய நாட்டின் சுங்கம். காக்கா சொன்ன குறைகளோடுதான், ஆனாலும் அது வேறு ஆள் எழுதியது. இறக்குமதிக்கு வரி உண்டு என்பதால் பல நாடுகள் ஏற்றுமதியைவிட இறக்குமதியைத்தான் உற்றுப் பார்க்கும். இன்னொன்று, பணம். ரிசர்வ் வங்கியின் அன்னியச் செலாவணிக் கணக்கு, வங்கி வழியாக வந்த போன தொகையைப் பார்க்கிறது. அதுவும் கொல்கத்தாக் கணக்கும் ஒருநாளும் அச்சுப் பிசகாமல் ஒத்துப்போகாது. ஒத்துப்போனால்தான் எனக்குச் சந்தேகம் வரும்.

கணினி மாறும்போது என்ன நடக்கும் என்பதற்கு ஒரு பெரிய உதாரணம். 2024 நவம்பரில் இந்தியாவின் தங்க இறக்குமதி 1,486 கோடி டாலர் என்று முதலில் வந்தது. தலைப்புச் செய்தி, ரூபாய்க்கு ஆபத்து, நிபுணர்கள் பேட்டி. 2025 ஜனவரியில் அது 984 கோடி என்று திருத்தப்பட்டது. சிறப்புப் பொருளாதார மண்டலத் தரவை ஒரு கணினி அமைப்பிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றும்போது இரட்டிப்பாக எண்ணப்பட்டதாகக் காரணம் சொன்னார்கள். 500 கோடி டாலர் தங்கம், வந்த மாதிரியே மறைந்தது. என் மாணவர்கள் இதைச் சொல்லிச் சிரிப்பார்கள். நான் சிரிக்க மாட்டேன். திருத்தினார்கள், திருத்தியதை வெளியே சொன்னார்கள். அர்ஜென்டினா தன் விலைவாசிக் கணக்கையும் ஜி.டி.பி.யையும் சரிசெய்யாமல் இழுத்தடித்து, 2013-ல் ஐ.எம்.எப்.பிடம் கண்டனம் வாங்கியது. கிரீஸ் 2009-ல் பற்றாக்குறை ஜி.டி.பி.யில் 3.7 சதவீதம் என்று சொல்லிக்கொண்டிருந்து, அந்த அக்டோபரிலேயே 12-க்கு மேல் என்றது. அதன் பிறகு நடந்தது ஊருக்கே தெரியும்.

தப்பு என்று எல்லாவற்றையும் ஒரே மூட்டையில் கட்டக்கூடாது என்பதற்கு நைஜீரியா. 2014 ஏப்ரலில் அந்த நாட்டின் ஜி.டி.பி. ஒரே நாளில் 89 சதவீதம் கூடியது. யாரும் ஏமாற்றவில்லை. 1990-ஐ அடிப்படை ஆண்டாக, அதாவது எந்தத் தொழிலுக்கு எவ்வளவு பங்கு என்று அளக்கும் ஆண்டாக, வைத்துக்கொண்டு இருபது வருடத்துக்கு மேல் ஓட்டியவர்கள் 2010-க்கு மாறினார்கள். கைப்பேசித் தொழிலும் சினிமாத் தொழிலும் பழைய சட்டியில் அடங்கவில்லை. நம் கதையும் கிட்டத்தட்ட அதுதான். 2025 நவம்பரில் ஐ.எம்.எப். இந்தியாவின் தேசியக் கணக்குகளுக்கு 'சி' தரம் கொடுத்தது, ஒட்டுமொத்தத் தரவுக்கு 'பி'. அடிப்படை ஆண்டு 2011-12 ரொம்பப் பழசு என்பது அவர்கள் சொன்ன காரணங்களில் ஒன்று. அதை வைத்து வாட்ஸ்அப்பில் பொருளாதாரமே 'சி' கிரேடு என்று பரப்பினார்கள். மார்க் போட்டது நோட்டுக்கு, பையனுக்கு இல்லை.


ஊசிக்கணவாய், வியாழன் காலை 8:05

ஐயா, 'மூன்று சாட்சி' என்பதை நான் ஏற்கெனவே எழுதிவிட்டேன். இப்போது அழிக்கிறேன்.

ஒரு சின்னச் சந்தேகம். எம்பெடா கணக்கில் கடல் உணவு ஏற்றுமதி 2023-24-ல் 60,523.89 கோடி ரூபாய், 2024-25-ல் 62,408.45 கோடி. 3 சதவீதம் வளர்ச்சி என்று எழுதலாமா?


புள்ளியியல்_வாத்தியார், வியாழன் காலை 8:20

எழுதலாம், ஆனால் அடுத்த நெடுவரிசையையும் எழுத வேண்டும். டாலரில் அது 738 கோடியிலிருந்து 745 கோடி. ஒரு சதவீதம்கூட முழுதாக இல்லை. எடையில் 17,81,602 டன்னிலிருந்து 16,98,170 டன்னாகக் குறைந்திருக்கிறது. ரூபாய் வளர்ந்தது 3, டாலர் வளர்ந்தது 1, மீன் இறங்கியது கிட்டத்தட்ட 5. உங்கள் வண்டி ரூபாயை ஏற்றப் போகிறதா, மீனை ஏற்றப் போகிறதா?

முந்தைய வருடம் தலைகீழ். 2022-23-ல் 17,35,286 டன், 809 கோடி டாலர். 2023-24-ல் எடை கூடி, பணம் குறைந்தது. அப்புறம், எம்பெடா ஏப்ரல் முதல் மார்ச். காம்ட்ரேட்டில் நீங்கள் எடுத்தது ஜனவரி முதல் டிசம்பர். ஒரே பக்கத்தில் போடுவதானால் அடிக்குறிப்பு அவசியம். இன்னொன்று, இதெல்லாம் இந்தியா முழுவதும், எல்லாக் கடல் உணவும். இதில் பாதிக்கு மேல் பணம் உறைந்த இறால். பாம்பன் கணவாயைப் பற்றி இது ஒன்றும் சொல்லாது.


சாயல்குடியான், வியாழன் இரவு 11:20

வாத்தியார் என்னைக் கிணற்றடியில் நிறுத்திவிட்டார். நிறுத்தியதால் ஒரு பழைய கணக்கை ஒப்புக்கொள்கிறேன்.

2017 ஜனவரி. குறியீடு மாறிய முதல் வாரம். நாங்கள் ஒவ்வொரு பில்லையும் முதலிலிருந்து அடிப்பதில்லை. அதே கம்பெனியின் போன பில்லைக் காப்பி எடுத்து, எடையும் விலையும் கண்டெய்னர் எண்ணும் மாற்றுவோம். ராத்திரி ஒன்பது மணி, ரெண்டு கண்டெய்னர் உறைந்த கணவாய், கப்பலுக்கு நேரமாகிவிட்டது என்று கம்பெனியிலிருந்து போன் மேல் போன். 030749 என்றிருந்ததை மாற்றாமல் அனுப்பிவிட்டேன். பழைய குறியீடு செத்திருந்தால் கணினி துப்பியிருக்கும். அது காய்ந்த கணவாய்க்காக உயிரோடு இருக்கிறதே, கப்பென்று வாங்கிக்கொண்டது. பத்து நாள் கழித்து எங்கள் ஆபீசில் ஒரு அக்காதான் கண்டுபிடித்தார். திருத்த மனுப் போட்டு, கம்பெனிக்காரரிடம் வாங்கிக் கட்டிக்கொண்டேன். அந்த மாதம் தமிழ்நாட்டில் எத்தனை பேர் என் மாதிரி செய்து, கண்டுபிடிக்காமலே விட்டார்களோ. தம்பி, 2017-ல் 030749-ல் 'ஏதோ ஒட்டிக்கொண்டிருக்கிறது' என்று உன் மேலாளர் பார்த்ததில் எல்லாமே காய்ந்த கணவாயாக இருக்காது.

எடையிலும் ஒரு கூத்து உண்டு. உறைய வைத்த கணவாய் மேல் மெல்லிசாக ஐஸ் பூச்சு கொடுப்பார்கள், காயாமல் இருக்க. நிகர எடை என்றால் பூச்சு நீக்கிய எடை. யார் நீக்கிப் பார்த்தார்கள்? கம்பெனி கொடுத்த பட்டியலைத்தான் நான் அடிக்கிறேன்.

முக்கியமானதைக் கடைசியில் சொல்கிறேன். 2020 பிப்ரவரி 15 முதல் ஷிப்பிங் பில்லில் சரக்கு எந்த மாவட்டத்தில் பிறந்தது என்று ஒரு கட்டம் வந்திருக்கிறது. அதை வைத்துத்தான் மாவட்டவாரி ஏற்றுமதி என்று இணையத்தில் போடுகிறார்கள். நான் அந்தக் கட்டத்தில் என்ன போடுகிறேன் தெரியுமா? தூத்துக்குடி. கம்பெனி இருப்பது இங்கே, பில் இங்கே, பதப்படுத்தியது இங்கே. உன் அப்பா பாம்பனில் எடுத்த கணவாய், புதுக்கோட்டைக் கரையிலிருந்து வந்த கணவாய், கேரளாவிலிருந்து வந்த கணவாய், எல்லாம் ஒரே தொட்டியில் கழுவப்பட்டு ஒரே பிளாக்காக உறைந்த பிறகு எதை எந்த மாவட்டம் என்று பிரிப்பது?


ஊசிக்கணவாய், சனி மாலை 4:30

நேற்று மறுபடி போனேன். இந்தத் தடவை இரண்டே பக்கம். குறியீடு மாறிய கதை ஒரு பத்தி, பழைய பதிப்பில் எடுத்த அட்டவணை, எடை ஒரு நெடுவரிசை, டாலர் ஒரு நெடுவரிசை, ரூபாயை எடுத்துவிட்டேன். எடை குறைந்த வருடத்தையும் மறைக்கவில்லை. மேலாளர் முழுதாகப் படித்தார். படித்துவிட்டு, "சரி, இந்தியா போகிறது. ராமநாதபுரம் எவ்வளவு?" என்றார். சாயல்குடி அண்ணன் சொன்னதைச் சொன்னேன். அவர் சிரித்துவிட்டு, "அப்படியானால் உங்கள் அப்பா எழுதிய நோட்டைக் கொண்டு வாருங்கள், ஐந்து வருடத்துக்கு" என்றார்.

ராத்திரி நோட்டை எடுத்தேன். நீல அட்டை, நாற்பது பக்கம், ஏழெட்டு நோட்டு. தேதி, படகு எண், கிலோ, விலை எல்லாம் சுத்தமாக இருக்கிறது. ஆனால் கம்பெனி கொடுத்த ரசீதோடு வைத்துப் பார்த்தால், எல்லா நாளும் அப்பா எழுதியது குறைவாக இருக்கிறது. அப்பாவிடம் கேட்டேன். "படகுக்காரனிடம் எடுக்கும்போது தண்ணிக்கழிவு பத்துக்கு ஒண்ணு தள்ளித்தான்டா எழுதுவேன். எங்க அப்பா காலத்திலிருந்து அப்படித்தான்" என்றார். ஐஸ் உருகாத நாளிலும் அப்படித்தானா என்றேன். பதில் சொல்லாமல் எழுந்து வலைக்கொட்டகைப் பக்கம் போய்விட்டார்.

இப்போது மேலாளருக்கு எந்த எடையைக் கொடுப்பது? நோட்டையா, ரசீதையா?


நம்பாதவன், சனி மாலை 4:41

😂


மண்டபம்_கணக்கு, சனி மாலை 5:10

இரண்டையும் கொடுங்கள். நடுவில் ஒரு நெடுவரிசை போட்டுத் தண்ணிக்கழிவு என்று எழுதுங்கள். அப்பாவிடம் முதலில் சொல்லிவிடுங்கள்.


சாயல்குடியான், சனி இரவு 9:55

கம்பெனிக்காரரிடம் பேசினேன் தம்பி. பாம்பன் சரக்கைத் தனி பிளாக்காக உறைய வைத்தால் மாவட்டக் கட்டத்தில் ராமநாதபுரம் என்று போட அவருக்கு ஆட்சேபணை இல்லையாம். ஆனால் தனி பிளாக்குக்குத் தனிக் கூலி, அதை யார் கொடுப்பது என்று கேட்கிறார். அப்பாவைக் கேட்டுச் சொல்.